உடையாத அரக்கு

காசிராஜன் விடுதலையான பன்னிரண்டாம் நாள், ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டிலிருந்து வெள்ளத்தாய்க்குக் கடிதம் வந்தது. வழக்கு முடிந்துவிட்டது, சொத்தைப் பெற்றுக்கொள்ளவும்.

சொத்து என்றால் ஒரு சேலை, ஒரு பாவாடை. எண்பத்தொன்பது ஆடியில், அவள் வேலை பார்த்த ராஜபாளையத்து மில்லின் பஞ்சு குடோனில் சூப்பர்வைசர் காசிராஜன் அவளைப் பலாத்காரம் செய்த அன்று உடுத்தியிருந்தவை. துவைக்காமல் போலீஸில் கொடுத்தாள். மெட்ராஸில் சோதித்தால் ஆள் தப்ப முடியாது என்று அவளைப் பரிசோதித்த டாக்டரம்மா சொன்னார்.

நாலு வருஷம் கழித்துத் தீர்ப்பு. சோதனை அறிக்கை இல்லை. சந்தேகத்தின் பலன் எதிரியான காசிராஜனுக்கு.

சோதித்தும் ஒன்றும் கிடைக்கவில்லை என்றே அவள் நினைத்திருந்தாள்.

கோர்ட் ஏட்டு ஐயாதுரை மூட்டையை மேசையில் வைத்தார். காடாத்துணி. முடிச்சுகளின்மேல் ஐந்து அரக்கு முத்திரைகள். ஐந்தும் முழுசாக இருந்தன.

"இதப் பிரிக்கவே இல்லியா ஏட்டய்யா?"

"மெட்ராசுக்கு ஆள்தான் கொண்டுபோவணும் தாயி. எனக்கு ஆண்டாள் தேருக்கு பந்தோபஸ்து போட்டுட்டாக. பொறவு எலெக்‌ஷன். பொறவு…"

"நாலு வருசமாவா தேர் ஓடுச்சு?"

பக்கத்து மேசை குமாஸ்தா சிரித்துவிட்டுக் குனிந்துகொண்டார்.

"கையெழுத்தப் போட்டு எடுத்துட்டுப் போ. நல்ல சேலதான்."

"அம்புட்டு நல்ல சேலன்னா உங்க வீட்டம்மாவுக்குக் கொண்டுபோங்க."

ஐயாதுரை பதிவேட்டை விரித்து அதன்மேல் பேனாவை வைத்தார்.

பேனாவை எடுத்தவள் நிறுத்தினாள். அன்று உடைந்த வளையல்களை அவள் அம்மா இரண்டு நாள் வீட்டில் வைத்திருந்து போலீஸில் கொடுத்தாள். வீட்டில் இருந்த பொருள் சாட்சியாகாது என்று காசிராஜனின் வக்கீல் அவற்றைத் தள்ளவைத்தார்.

"நான் வாங்க மாட்டேன். வீட்டுக்குக் கொண்டுபோனா வெறுஞ்சேல. நான் மேல்கோர்ட்டுக்குப் போறேன்."

"வாங்கலன்னா எரிச்சிருவாக."

"எரிங்க. மொதல்ல எழுதிட்டு எரிங்க."

பதிவேட்டைத் தன் பக்கம் திருப்பினாள். பெற்றுக்கொண்டேன் என்று அச்சடித்திருந்ததை அடித்தாள். கீழே எழுதினாள்: அரக்கு உடையவில்லை. நாலு வருஷம் யாரும் பிரிக்கவில்லை. வாங்க மறுக்கிறேன். வெள்ளத்தாய், சோழபுரம்.

"இதுக்குக் கீழ நீங்களும் போடுங்க."

"என் வேலை போயிரும் தாயி."

"எனக்கு அன்னைக்கே போச்சு."

அவர் பேனாவைத் தொடவில்லை. அவள் எதிரே பெஞ்சில் உட்கார்ந்தாள். மூன்று மணி பஸ் போனது. ஐந்து மணி பஸ்ஸும் போனது. குமாஸ்தா ஜன்னல்களைச் சாத்தினார். அவள் எழவில்லை. சாவிக்கொத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்ற ஐயாதுரை, கடைசியில் கிறுக்கலாக ஒரு கையெழுத்துப் போட்டார்.

"தேதியும் போடுங்க," என்றாள்.