அழகுநாச்சியாருக்கு ஒரு ஒன்ஸ்மோர்

எங்கள் ஊரில் ஒன்ஸ்மோர் கேட்டுவிட்டால் பாட்டு என்றில்லை, எதுவானாலும் திரும்ப நடந்தாக வேண்டும். கேட்கும் உரிமை கூட்டத்தின் தலைவருக்கு மட்டும். எல்லாம் பழையபடியே நடக்கும். ஒரே ஓர் இடத்தில் மட்டும் மாற்றி, புதுச் சங்கதி போட்டுக்கொள்ளலாம்.

அன்றைக்கு அழகுநாச்சியார் அத்தையின் பணி நிறைவு விழா. முப்பத்தாறு வருடம் இசை நாடகங்களின் வரலாற்றை எழுதியவர். ராஜபார்ட், ஸ்திரீபார்ட், பபூன் என்று நடிகர்களை ஊர் ஊராகத் தேடிப்போய்ப் பன்னிரண்டு புத்தகம் போட்டார். முதல் புத்தகத்தில் கலைஞர்களை மேடைக்கு வந்த வரிசையில் எழுதினார். ஆர்மோனியக்காரர் சவரிமுத்து திரை தூக்கும் முன்பே உட்கார்ந்திருந்தார். அதனால் வந்தவர்களில் அவர் பெயர் இல்லை.

நாலு மணிக்கு அத்தை கழுத்தில் மாலை விழும். விழுந்த பிறகு எழுதியதில் ஒரு கால்புள்ளியைக்கூட மாற்ற முடியாது.

"அண்ணே, உங்களுக்குப் பண்ணின தப்பு அப்படியே நின்னுபோகுது" என்றார் அத்தை, முன்வரிசையில் இருந்த சவரிமுத்துவிடம்.

"விடு தாயி. என்னைய பாக்கவா டிக்கெட் எடுத்தாங்க?"

தலைவர் மாலையைத் தூக்கினார். நான் பின்வரிசையிலிருந்து அவர் குரலில், அந்தக் கனைப்பையும் சேர்த்து, "ஒன்ஸ்மோர்!" என்றேன்.

தலைவர் தொண்டையைத் தொட்டுப் பார்த்தார். "நானாய்யா சொன்னேன்?"

"நீங்கதான் ஐயா" என்றேன், செயலாளர் குரலில்.

"சொன்னா சொன்னதுதான்" என்று உட்கார்ந்துவிட்டார்.

அத்தைக்கு இருபத்துநாலு வயதாயிற்று. துணிப்பையோடு பஸ் ஏறிப் போனார். முப்பத்தாறு வருடமும் நடந்து முடியும்வரை நாங்கள் நாற்காலியிலேயே இருந்தோம். நடுவில் ஒருமுறை மிக்சர் வந்தது.

சங்கதி ஒன்றுதானே. அதனால் முன்பு காரைக்குடி பஸ்ஸில் தொலைந்த குறிப்புப் பெட்டி மறுபடியும் தொலைந்தது. இருக்கைக்கு அடியில் அதைப் பார்த்துக்கொண்டேதான் இறங்கினாராம்.

அத்தை திரும்பி வந்தபோது மணி நாலாக இரண்டு நிமிடம் இருந்தது. கையில் முதல் புத்தகம். அதில் முதல் பெயர் சவரிமுத்து.

சவரிமுத்து புத்தகத்தை வாங்கினார். பெயரின் மேல் ஒரு விரலை வைத்து, ஆர்மோனியக் கட்டையைப்போல மெல்ல அழுத்தினார். அழுத்திய விரலை எடுக்கவில்லை.

மாலை விழுந்தது. அத்தை பின்வரிசைக்கு வந்து, "ரொம்ப நன்றிடா" என்றார், என் குரலில்.

அந்தப் பக்கத்தைத் திறந்தால் இப்போது நல்ல காற்று வருகிறது. நூலகத்து மின்விசிறியைக் கழற்றிப் பக்கத்து ஊருக்குக் கொடுத்துவிட்டார்கள்.