கவிழ்த்த குவளை

1

இந்தக் கதை கழிப்பறையில் பிறந்தது. மூக்கைப் பொத்திக்கொள்ள வேண்டாம், ஃப்ளஷ் தொட்டிக்குள் வருவது நல்ல தண்ணீர்தான். ஒன்பது நாளாக அது நிரம்பியும் நிற்காமல் ‘ஸ்ஸ்ஸ்’ என்று ஓடிக்கொண்டே இருந்தது. அதே ஒன்பது நாளாக என் வீட்டுக்காரரும் என்னோடு பேசவில்லை. வீடே தண்ணீருக்கடியில் கிடப்பதுபோல் இருந்தது.

2

காரணம் நான். போன மாதம் அச்சான என் கதையில், படுத்த படுக்கையாகக் கிடக்கும் தாயைப் பார்த்து மகன், “சீக்கிரம் போய்ச் சேர்ந்தா தேவல” என்கிறான். அத்தை, அதாவது இவருடைய அம்மா, இறந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. படித்துவிட்டு இவர், “நான் எப்போ அப்படிச் சொன்னேன்?” என்றார். அவ்வளவுதான்.

(கற்பனை என்றால் அப்படி இப்படி இருக்கத்தான்... வேண்டாம். சப்பைக்கட்டு.)

3

இந்தக் கதைக்கு முதலில் எழுதிய தொடக்கம்: ‘மதிய வெயில் தொட்டிக்குள் இறங்க, அவர் ஒரு மீனவனைப் போல...’

மீனவனாவது! பேருந்து ஓட்டுகிற மனிதர், லீவு போட்டுவிட்டுக் கால்சட்டையை மடித்துக்கொண்டு நின்றார். தொட்டிக்குக் கீழே தண்ணீரை அடைக்கும் குழாய் துருவேறி அசையவில்லை. சமையலறைக்கு வெளியே போய் மெயின் குழாயை அடைத்தார். சத்தம் நின்றது. அப்பாடா என்று இருக்கவில்லை, பயமாக இருந்தது.

தொட்டிக்குள் தண்ணீர் விடும் வால்வின் மூடியைக் கழற்றினார். ரப்பர் வாஷரில் கடுகளவு மணல். மிச்ச மணலையும் வெளியேற்ற, திறந்த வால்வின்மேல் குவளையைக் கவிழ்த்துப் பிடித்துக்கொண்டு தண்ணீரை ஒரு நொடி விட வேண்டும். அதற்கு இரண்டு பேர் வேண்டும். என்னிடம் வந்தார், குவளையைக் காட்டினார், கண்ணால் மெயின் குழாயைக் காட்டினார், திரும்பிப் போய்விட்டார்.

குழாயில் கை வைத்து நின்றேன். உள்ளேயிருந்து ஸ்பானரால் ‘டங்’ என்று தட்டினார்.

திறக்கவில்லை. வாயைத் திறந்து சொல்லட்டுமே!

4

முடிவு அ: அவர், “தெறம்மா” என்கிறார். (அழகு. ஆனால் மறுபடியும் அவர் வாயில் என் வார்த்தை.)

முடிவு ஆ: ஒரு புறா வந்து... அட, போதும்.

நடந்தது இது. நான்தான் குரல் கொடுத்தேன்.

“என்னங்க... அத்தை பக்கத்துல உக்காந்து அப்படி நெனச்சது நான். சொல்லத் தைரியம் இல்லாம உங்க தலையில கட்டிட்டேன்.”

சத்தமே இல்லாத வீடு. கட்டாயம் கேட்டிருக்கும்.

அவர் ஒரு வார்த்தை சொன்னார். அது அவருடையது, நான் எழுத மாட்டேன். இடம் மட்டும் விட்டிருக்கிறேன். நீங்கள் எதை வைத்தாலும், அவர் சொல்லியிருக்கக்கூடியதாகப் பார்த்து வையுங்கள்:

[                    ]

குழாயைத் திறந்தேன்.