சுகைலாவின் குழைவு

இலையுதிர் காலத்து மாலைக் கதிரவன் சுவிற்சர்லாந்தின் பாடன் நகரின் இடிந்த கோட்டைக்குப் பின்னே மெல்ல இறங்கிக்கொண்டிருக்க, மலையிடுக்கில் நெருக்குண்ட லிம்மாத்து ஆறு, கூரை வேய்ந்த பழைய மரப்பாலத்தின் அடியில் நுரைத்துப் புரண்டு, வெந்நீரூற்றுகளின் ஆவி படர்ந்த கரையைத் தழுவி ஓடிக்கொண்டிருந்தது. அயலூர்களான டீட்டிகோனிலும் ஷ்லீரனிலும் வேலை முடித்தோரைச் சுமந்த தொடர்வண்டிகள் வந்து வந்து நின்று, மக்களை இறக்கிவிட்டு அகன்றன. ஆற்றங்கரை அரங்கொன்றின் வாயிலில் அரபும் செருமனும் இடையிடையே நம் யாழ்ப்பாணத் தமிழும் கலந்து ஒலித்தன. கற்றறிந்த வாசகரே, அங்குக் கூடிய அனைவரும் ஒரு குரலைக் கேட்கவே வந்திருந்தார்கள். அக்குரல் அன்று எழுமா என்பதை மட்டும் ஒருவரும் அறிந்திலர்.

அக்குரலுக்கு உரியவர் சுகைலா மர்வான். இலெபனான் நாட்டுத் துறைமுக ஊரொன்றில் வலை பின்னுவோர் குடியிற் பிறந்து, மணவீடுகளில் பாடிப் பயின்று, பெய்ரூத்து வானொலியின் வழியே அரபு நாடுகள் பலவற்றைத் தம் பாட்டுக்குச் செவிசாய்க்க வைத்தவர். அவர் பாட்டு எழும் வேளையில் கடைக்காரர் எடைபோட மறந்துவிடுவர் என்பார்கள். சற்று மிகைதான், ஆயினும் நான் அதை நம்பவே விரும்புகிறேன். அரபு இசையரங்குகளின் வழக்கம் நம் வழக்கத்தினின்றும் வேறானது. ஓரடி நெஞ்சைத் தொட்டுவிட்டால் அவையோர் "மீண்டும்" என்று கூவுவர். பாடுபவர் அதே அடியை வேறொரு வண்ணத்திற் பாடியாக வேண்டும். இவ்வாறு ஒரே பாட்டு ஓரிரவையே விழுங்கிவிடுவதும் உண்டு. சுகைலா ஓரடியை இருமுறை ஒரே வகையிற் பாடியதில்லை. தம் நாட்டிற் போர் மூண்டபின் சுவிற்சர்லாந்துக்கு வந்து பாடனிற் குடியமர்ந்து, இங்கிருந்தே ஐரோப்பிய மேடைகள் பலவற்றில் ஏறினார். கரை திரும்பாத படகொன்றைப் பற்றி அவர் பாடிய பாட்டின் ஒலிப்பதிவு, அரபு இசை பயிலும் இளையோர்க்கு இன்றும் முதற்பாடம். அதன் இரண்டாம் அடியின் இறுதியில் வரும் நீண்ட குழைவைப் பாட இயலாதவன் பாடகனே அல்லன் என்று ஆசிரியர்கள் சொல்வதும் வழக்கமாயிற்று.

அத்தகையவரின் தொண்டையிற் கட்டி தோன்றியது. அறுவை மருத்துவம் உயிரைக் காத்தது. குரலோ தாழ்ந்து, கரகரத்து, பழைய உச்சிகளை எட்ட மாட்டாததாய்த் திரும்பியது. அவரைச் சிறப்பிக்க விழா எடுத்த குழுவின் தலைவர் காமில், அன்புள்ளவர், ஆனால் அஞ்சுபவர்.

"அம்மையீர், பழைய ஒலிப்பதிவு ஓடட்டும், நீங்கள் வாயசைத்தாற் போதும். மக்கள் உங்களைக் காணத்தானே வருகிறார்கள்?" என்றார்.

"என்னைக் காண வேண்டுமானாற் சந்தைக்கு வரட்டும், காய்கறி வாங்கும்போது நன்றாகவே தெரிவேன்," என்றார் சுகைலா. "மேடையேறினாற் பாடுவேன். என் தொண்டையில் எஞ்சியது எதுவோ, அதைக்கொண்டு பாடுவேன்."

ஆயினும் காமில் ஒலிப்பதிவை ஆயத்தமாக வைத்துக்கொள்வதை விடவில்லை.

துணையிசைக்குச் சுகைலா தேர்ந்தவர் பவதாரணி. ஷ்லீரனிற் பிறந்து, நாற்பதைக் கடந்து, மருத்துவமனையிற் குரற்பயிற்சி அளிப்பவர். அறுவைக்குப் பின் சுகைலாவின் குரலை ஒலி ஒலியாக மீட்டெடுக்கத் துணைநின்றவர். சிறுவயது முதல் நம் இசை கற்றவராதலின், பயிற்சிக்கு வயலினையும் எடுத்துச் செல்வார். மேடைத் துணைக்கு அழைப்பு வந்ததும், அரங்கேற்றத்துக்கு ஆயத்தமாகும் நம்மவர் அனைவரும் செய்வதையே அவரும் செய்தார்: அந்தப் படகுப் பாட்டின் ஒலிப்பதிவை முதலிலிருந்து முடிவுவரை இம்மியும் பிசகாமற் பாடமாக்கினார். ஒத்திகையில் அதை அவர் வாசித்து முடித்தபோது, சுகைலா கண்ணில் நீர் வரச் சிரித்தார்.

"அதைப் பதிந்த இரவு எனக்குக் கடும் சளி. இரண்டாம் அடியின் முடிவில் இருமல் வந்து முட்டியது. அதை அடக்கத்தான் அவ்வளவு நேரம் இழுத்துக் குழைத்தேன். மகளே, நீ என் இருமலையும் அல்லவா வாசித்துவிட்டாய்!"

பவதாரணிக்கு முகம் சிவந்துவிட்டது. வீடு திரும்பியதும் கணவர் சிறீதரனிடம் முறையிட்டார்.

"இஞ்ச பாருங்கோ, உலகமே கும்பிடுற அந்தக் குழைவு வெறும் இருமலாம். நான் அதையும் சேர்த்தெல்லோ பாடமாக்கிப் போட்டன்!"

"அதுக்கேன் இப்ப மூஞ்சையைத் தூக்கி வச்சுக்கொண்டு இருக்கிறீர்? மறந்து போட்டு வாசியுமன்."

"மறக்கிறதோ? எங்களுக்கு மறக்க ஆர் பழக்கினவை? நாளைக்கு அவவுக்குக் குரல் வராட்டி நான் என்னத்தை வாசிக்கிறது?"

"அவவின்ர தொண்டை எங்க நிக்குமெண்டு உமக்குத்தானே தெரியும்? அங்க போய் நில்லும்."

விழா மாலை வந்தது. அரங்கு நிறைந்தது. கருநிற ஆடையணிந்து, எவர் கையையும் பற்றாமல் நடந்து வந்து ஒலிவாங்கியின் முன் நின்றார் சுகைலா. படகுப் பாட்டின் முதலடியைத் தாழ்ந்த குரலில் தொடங்கினார். அவையோர் பழைய குரலை எதிர்பார்த்து ஏமாந்து, ஏமாற்றத்தை மறைக்க முயன்றது முகங்களிலேயே தெரிந்தது. இரண்டாம் அடியில் ஏறினார். இறுதிச் சொல்லை நெருங்கியதும் குரல் உடைந்து நின்றது. மேடையோரத்தில் காமிலின் கை ஒலிப்பதிவுப் பொறியின் பொத்தானுக்கு நீண்டது.

பவதாரணியின் விரல்களில் அந்தப் புகழ்பெற்ற குழைவு அணுவும் குறையாமற் காத்திருந்தது. அதை வாசித்திருந்தால் அவை கைதட்டியிருக்கும். அதன் பின்னே ஒலிப்பதிவு எழுந்திருக்கும். சுகைலா என்றைக்குமாக வாயசைப்பவர் ஆகியிருப்பார். பவதாரணி அதை வாசிக்கவில்லை. காமிலை நோக்கி வேண்டாமென்று தலையசைத்துவிட்டு, வில்லைத் தடித்த நரம்புக்கு இறக்கி, மருத்துவமனை அறையில் அத்தொண்டை நோவின்றி நின்ற ஒரே ஓர் ஒலியை, அணியேதுமின்றி, நீளப் பிடித்து நின்றார்.

சுகைலா திரும்பிப் பார்த்தார். பின்பு அவையை நோக்கி, ஒலிவாங்கியை விட்டு விலகாமலே, அரங்கம் முழுதும் கேட்க நன்றாக இருமினார்.

"முன்பு ஒருமுறை இதை மறைத்தேன், நீங்கள் அதற்குப் பெரும்பெயர் கொடுத்துவிட்டீர்கள்," என்றார். சிரிப்பலை எழுந்து அடங்குமுன், அந்தத் தாழ்ந்த ஒலியிலேயே காலூன்றி, இரண்டாம் அடியைப் புதிதாகப் பாடினார். உச்சி இல்லை, குழைவும் இல்லை. கடலுக்குப் போன மகனைக் கரையில் நின்று கூப்பிடும் தாயின் குரலாக மட்டும் அது இருந்தது. பின்வரிசையிலிருந்து நடுங்கும் குரலொன்று "மீண்டும்!" என்று கூவியது. அடுத்த நொடி அரங்கம் முழுதும் கூவியது. சுகைலா அதே அடியை வேறொரு வண்ணத்திற் பாட, பாடமேதும் இல்லாத பவதாரணி அவர் பின்னே அடி அடியாய்ச் சென்றார். காமில் பொறியின் இணைப்பைப் பிடுங்கிவிட்டு, இருகையாலும் முகத்தைத் துடைத்துக்கொண்டு, தாமும் "மீண்டும்" என்றார்.

இளையோர் பலர் அதைக் கைப்பேசியிற் பதிந்துகொண்டனர். அவருள் ஒருவர் நாளை அந்த இருமலையும் பிசகாமற் பாடமாக்கக்கூடும், ஆக்கட்டும். புகழ் பெற்ற ஒருவரின் பின்னே எஞ்சுவது எதுவெனப் பலர் பலவாறு உரைப்பர். நான் கண்டது இவ்வளவே, வாசகரே: உடைந்த இடத்தில் நின்று, உடைந்ததை மறைக்காமல், மீண்டும் என்ற சொல்லுக்கு ஓர் எழுபது அகவைப் பெண் தலைநிமிர்ந்து மூச்செடுத்தார், வெளியே லிம்மாத்து இருளில் ஓடிக்கொண்டிருக்க, உள்ளே அந்தப் பாட்டு இன்னும் முடியவில்லை.