பூசணிப் பாத்தியில் புதைத்த படம்

என் தங்கை இமோஜன் எடுத்த ஆவணப்படங்களில் ஒன்றைக்கூட எங்கள் அப்பா டெஸ் முழுசாகப் பார்த்ததில்லை. விளக்கு அணைந்ததும் குறட்டை விடுவார். அவளும் பொறுத்துப் பொறுத்துப் பார்த்துவிட்டு, "இந்தத் தடவை அவரைப் பத்தியே எடுக்கப்போறேன். எப்படித் தூங்குறாருன்னு பாத்துடுறேன்" என்றாள். ஒலிப்பதிவுக்குச் சம்பளமில்லாமல் நான் மாட்டிக்கொண்டேன்.

அப்பா, எங்கள் ஹுவான் பள்ளத்தாக்கில் நடக்கும் விவசாயக் கண்காட்சிக்கு வருஷா வருஷம் ராட்சதப் பூசணி வளர்ப்பவர். இமோஜன் அவரை ஒரு கேள்வியும் கேட்கவில்லை. முகத்தை விட்டுவிட்டு முழங்கையைப் படம்பிடித்தாள். ஒரு வாரம் பூட்ஸை மட்டும் எடுத்தாள். கடைசியில், கழுவி எடுத்த படச்சுருளை அவருடைய பூசணிப் பாத்தியிலேயே புதைத்தாள்!

"பைத்தியமாடி உனக்கு? பிரதியாவது வெச்சிருக்கியா?"

"பிரதி வெச்சா அது நேர்மையே இல்ல, மார்னி. மண்ணும் சேந்து எடுக்கட்டும். லேசா கீறல் விழும், அவ்ளோதான்."

அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவர் பாட்டுக்கு மீன்கழிவும் கடற்பாசியும் ஊறிய நாற்றத் தண்ணீரை வாளி வாளியாக ஊற்றினார். தோண்டி எடுத்தால் பூட்ஸும் இல்லை, அப்பாவும் இல்லை. பச்சையும் ஊதாவுமாகக் கொப்புளங்கள்தான். இமோஜன் பாத்தியிலேயே உட்கார்ந்து அழுதாள். எனக்கு எரிச்சலாகவும் இருந்தது, பாவமாகவும் இருந்தது.

மிச்சமிருந்தது என் ஒலிப்பதிவு. கொப்புளங்களோடு அதைச் சேர்த்தேன். திரையிடும் அன்றுதான் இமோஜன் அதை முதல்முறையாகக் கேட்பாளாம். அதுவும் அவள் கொள்கை. எக்கேடு கெட்டுப்போ என்று விட்டுவிட்டேன்.

ஊர் மன்றத்தில், கையில் லாமிங்டன் கேக்கோடு அப்பா முன்வரிசையில் உட்கார்ந்தார். விளக்கு அணைந்தது.

"இதுல நான் எங்க இருக்கேன்?"

"அந்த ஊதா, அதான் நீங்க" என்றாள் இமோஜன்.

"இளைச்சுட்டேனே!"

கூட்டம் சிரித்தது. அவர் கண்கள் மெல்ல மூடின. இமோஜன் முகம் தொங்கிப்போனது. அப்போது திரைக்குப் பின்னாலிருந்து அப்பாவின் குரலே வந்தது. நாங்கள் டீ குடிக்க உள்ளே போன நேரத்தில், சட்டைக் காலரில் மைக் இருப்பதை மறந்து பூசணியிடம் பேசியிருக்கிறார்.

"வெக்கப்படாத, டோரத்தி. நேரா உக்காரு. என் சின்னவ படம் எடுக்குறா. அவ படம் எனக்கு ஒரு எழவும் புரியாது. அது தெரிஞ்சா அவ மனசு ஒடஞ்சிடும். அதான் தூங்குற மாதிரி நடிச்சிடுறது."

அப்பா ஒரு கண்ணை மட்டும் திறந்தார்.

"குறட்டையுமாப்பா?" என்றாள் இமோஜன்.

"அதுக்குத்தான் ரொம்பக் கஷ்டப்பட்டேம்மா."

பிறகு வேறு வழியில்லாமல், இரண்டு கண்ணையும் அகலத் திறந்து கடைசிக் கொப்புளம்வரை பார்த்தார்.

"புரிஞ்சுதா?"

"ஒண்ணும் புரியல. இன்னொருவாட்டி போடு."

இமோஜன் மூக்கை என் சட்டையில் துடைத்துவிட்டு ஓடிப்போய் மறுபடி போட்டுவிட்டு வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். இந்த முறை அப்பா அவள் தோளில் சாய்ந்து நிஜமாகவே தூங்கிவிட்டார். குறட்டையே வரவில்லை.