வரதராசாவின் தாடி

கிழவர் ரூடி வரதராசாவின் தாடி முளைத்த தாடையைப் பிடித்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பிப் பார்த்துவிட்டு, ராஜாவும் நம்முடைய கட்சிதான் என்று எல்லோருக்கும் கேட்கச் சொல்லிச் சிரித்தபோது, அவனுடைய இரண்டு கைகளிலும் அணியின் மொத்த வியர்வையும் ஊறிய மேற்சட்டைகள் கிடந்தன. தட்டிவிடக் கையில்லை. மறுத்துச் சொல்ல ஜேர்மன் மொழியுமில்லை. உடுப்பு மாற்றும் அறையே மேசையைத் தட்டி ஆரவாரம் செய்தது. அவனும் பல்லைக் காட்டிவிட்டுச் சலவை இயந்திரத்தடிக்குப் போனான். அணியின் உடுப்புத் தோய்க்கிறதுதான் அவனுடைய வேலை.

எண்பத்தேழாம் ஆண்டு மாசி மாதம். சோலோதுர்னுக்குப் பக்கத்தில் ஆரே ஆற்றங்கரையில் ஒரு சின்ன ஊர். அந்த ஊரின் ஐஸ் ஹொக்கி அணி இரண்டாம் பிரிவில் ஆடியது. சம்பளத்துக்கு ஆடுகிறவர்கள் என்று பேர்தானே தவிர, பாதிப் பேர் பகலில் தச்சு வேலையும் தபால் வேலையும் பார்த்தார்கள். தை மாதம் வரைக்கும் பட்டியலின் அடியில் கிடந்த அணி, என்ன மாயமோ, திடீரென்று வெல்லத் தொடங்கியது. கனடாவிலிருந்து வந்த டக் என்ற முன்கள ஆட்டக்காரன் தன் ஊர்ப் பழக்கமொன்றைக் கொண்டுவந்தான். தோற்கும்வரை ஒருவரும் முகம் வழிக்கக்கூடாது. வழித்தால் அதிர்ஷ்டம் போய்விடும். படித்த மனிதர்கள்கூட அதைக் கேட்டுத் தலையாட்டினார்கள். உபகரணப் பொறுப்பாளர் ரூடி, அறுபது வயசிலும், நரைத்த முள்ளு முள்ளாகத் தாடி விட்டார்.

வரதராசா தாடி விட்டது அதற்கல்ல. அதே கிழமை லண்டனிலிருந்து மைத்துனர் தொலைபேசியில் கூப்பிட்டு, அப்பா நெஞ்சு நோவில் போய்விட்டார் என்றும் ஊரில் தம்பி கொள்ளி வைத்துவிட்டான் என்றும் சொன்னார். மூத்த மகன் இவனோ அகதி விண்ணப்பத்தோடு இங்கே முடங்கிக் கிடக்கிறான், போனால் திரும்பி வர ஏலாது. அவனால் செய்ய முடிந்தது முப்பத்தோராம் நாள் கிரியையான அந்தியேட்டி வரைக்கும் முகம் வழிக்காமல் இருப்பது ஒன்றுதான். அதைக்கூட இவர்கள் தங்கள் கணக்கில் சேர்த்துக்கொண்டார்கள்.

நாளைக்குச் சொல்லுவம் என்று இருந்தான். நாளைக்கென்று பார்த்தால் அணி வென்றுவிடும். வென்றால் யார் விட்டார்கள்? தோளில் தூக்கினார்கள், தலையில் பியர் ஊற்றினார்கள், சமையல்காரப் பெண் அவனுடைய தாடிக்கு முத்தம் கொடுத்தாள். இந்த நாட்டுக்கு வந்து இரண்டு வருசத்தில் ஒருவரும் அவனைத் தொட்டதில்லை. பேருந்தில் பக்கத்து ஆசனம்கூட வெறுமையாகத்தான் வரும். ஒருநாள் பியர் கண்ணுக்குள் வழிய வழிய அவன் வாய்விட்டுச் சிரித்தான். அப்பா செத்துப் பதினைந்து நாள் ஆகவில்லை. அறைக்கு வந்து கண்ணாடியைப் பார்த்தபோது அவனுக்குத் தன்மேலேயே அருவருப்பு வந்தது. அடுத்த வெற்றிக்கு அவன்தான் எல்லோரையும்விட முதலில் கை தட்டினான். அதையும் சொல்லத்தானே வேண்டும்.

முதற்பிரிவுக்கு ஏறும் கடைசி ஆட்டம் சனிக்கிழமை பின்னேரம் என்று அறிவித்தார்கள். அந்தியேட்டியும் அந்தச் சனிக்கிழமைதான். பேர்ணில் ஆசுபத்திரிக் குசினியில் வேலை செய்த பாலசிங்கத்தார், ஊரில் அவனுடைய ஒழுங்கையிலேயே குடியிருந்தவர், கிரியை செய்விக்க எள்ளும் அரிசியும் பொதி கட்டிக்கொண்டு காலை ரயிலில் வந்திறங்கினார். ஆட்டமும் இன்றைக்குத்தான், அப்பா செத்ததை அணியில் ஒருவருக்கும் சொல்லவில்லை என்று கேட்டதும் மனிசன் தலையில் கை வைத்துக்கொண்டு ரயில் மேடையிலேயே இருந்துவிட்டார்.

"வாய்க்குள்ளை கொழுக்கட்டையே வைச்சிருந்தனீ? முதல் நாளே சொல்லியிருக்கலாமெல்லோ."

"சொன்னால் வீட்டை போய் இரு எண்டு விட்டிருப்பாங்கள் அண்ணை. வீட்டை ஆர் இருக்கினம்?"

பாலசிங்கத்தார் பொதியைத் தூக்கிக்கொண்டு எழும்பினார். நடக்கும்போதுதான், உன்ரை விருப்பம், ஆனால் தாடியோடை நிண்டு தேப்பனுக்கு எள்ளுத் தண்ணி இறைக்கிறதை நான் கண்டதில்லை என்று முணுமுணுத்தார். வரதராசா நடந்தபடியே கணக்குப் பார்த்தான். வழித்துவிட்டுப் போய் அணி தோற்றால், ஊர் முழுக்க அவனைத்தான் சொல்லும். கறுப்பன் கெடுத்தான் என்று சொல்லாவிட்டாலும் நினைக்கும். வழிக்காமல் போனால் அப்பாவுக்குத் தான் செய்தது ஒன்றுமேயில்லை.

ஆற்றங்கரையில் பனி இன்னும் கரையவில்லை. பாலசிங்கத்தார் சின்னக் கண்ணாடியைப் பிடித்தார். சவர்க்காரம் நுரைக்க மறுத்தது. தாடி போகப் போக உள்ளேயிருந்து அப்பாவின் நாடி வெளியே வந்ததைப் பார்த்ததும், ஒரு மாதமாக வராத அழுகை வரதராசாவுக்கு வந்தது. முழங்கால் வரைக்கும் இறங்கி எள்ளும் தண்ணீரும் இறைத்தான். கால் மரத்துப்போனது தெரியவில்லை.

பின்னேரம் சட்டைகளை அடுக்கிக்கொண்டு உடுப்பு மாற்றும் அறைக்குள் அவன் நுழைந்தபோது, முதலில் டக் பார்த்தான். பிறகு எல்லோரும் பார்த்தார்கள். யாரோ கெட்ட வார்த்தை ஒன்று சொன்னார்கள். மேலே மரப் படிகளில் சனம் காலால் இடிக்கிற சத்தம் கூரையை அதிர வைத்தது. ரூடியின் முகம் வெளுத்துவிட்டது. ஏன், இன்றைக்குப் பார்த்து ஏன் என்று கேட்டார்.

"அப்பா செத்துப்போனார்," என்றான், தனக்குத் தெரிந்த ஜேர்மனில்.

"எப்போது?"

வரதராசா வெறும் கன்னத்தைத் தொட்டுக் காட்டினான். "தாடி தொடங்கின அண்டைக்கு."

ரூடி அவனைப் பார்த்தபடி நின்றார். பியர் ஊற்றியதும் தூக்கிச் சுழற்றியதும் அவருடைய முகத்தில் ஒவ்வொன்றாக ஏறி வருவது தெரிந்தது.

ஆட்ட நாளில் ஒருவரோடும் வாய் திறக்காத கோல் காப்பாளன் மார்ட்டிதான் எழும்பினான். கால்களில் கட்டியிருந்த பெரிய மெத்தைகளோடு நடக்க முடியாமல் நடந்து வந்து, வலக் கையுறையைக் கழற்றி அக்குளுக்குள் வைத்துக்கொண்டு கையை நீட்டினான். துக்கம் விசாரிக்க இந்த நாட்டவர்கள் சாவீட்டில் சொல்கிற ஒரு சொல்லைச் சொன்னான். அவனுக்குப் பின்னால் டக் நின்றான். அவனுக்குப் பின்னால் தபால்காரன், தச்சன், மற்றவர்கள். ஒவ்வொருவராகக் கையுறையைக் கழற்றிக்கொண்டு, தலைக்கவசத்தைத் தூக்கிக்கொண்டு, தாடியும் சறுக்குச் சப்பாத்துமாக வரிசையில் வந்தார்கள். அப்பாவின் செத்தவீட்டுக்கு ஆக்கள் வருகிறார்கள் என்று வரதராசாவுக்குத் தோன்றியது. சட்டைகளைக் கீழே வைத்துவிட்டு, நீட்டிய கைகளை இரண்டு கைகளாலும் வாங்கினான்.

வெளியே நடுவரின் ஆள், நேரமாகிவிட்டது என்று கதவைத் தட்டினான். ரூடி கதவில் முதுகைச் சாய்த்து, கால்களை அகட்டி ஊன்றிக்கொண்டு நின்றார். வரிசையில் இன்னும் பாதிப் பேர் இருந்தார்கள்.