வெளியே போக மறுத்த பேய்

மத்தி மீனின் தலையை முட்செடிக் கொப்பில் குத்திக் கடைவாசலில் கட்டும்போதே கபிலன் மூக்கைப் பொத்திக்கொண்டான்.

"என்ன நாத்தமக்கா இது! பேய் ஓடுதோ இல்லையோ, சாப்பிட வாற சனம் ஓடப்போகுது."

"கதைக்காமல் கயித்தைப் பிடி," என்றாள் வசந்தமலர். "நீ புதுக்கார் எடுத்த அண்டைக்கு நாலு சில்லுக்குக் கீழையும் தேசிக்காய் வைச்சனிதானே? அது போலத்தான் இதுவும்."

"தேசிக்காய் மணக்கும் அக்கா. இது நாறுது."

"அதுதான் பேய்க்குப் பிடிக்காதாம்."

பெப்ரவரி மூன்றாம் தேதி. ஜப்பானியர் கணக்கில் அன்றோடு குளிர்காலம் சரி, மறுநாள் வசந்தம். ஒஸ்லோவில் முழங்கால் உயரத்துக்குப் பனி கிடந்தது என்பது வேறு விஷயம். ஒரு பருவம் போய் இன்னொன்று வருகிற அந்த இடுக்கில்தான் பேய் வீட்டுக்குள் நுழையுமாம். நகரின் தோயன் பகுதித் தெருவொன்றில் ஜப்பானியச் சாப்பாட்டுக்கடை வைத்திருந்த ஹருயோ அம்மாள் இருபது வருடமாக இந்தச் சடங்கை விட்டதில்லை. வாடிக்கையாளர்களைப் பிள்ளைகுட்டிகளோடு அழைப்பாள். ஒருவர் கொம்பு வைத்த சிவப்பு முகமூடி போட்டு, புலித்தோல் காற்சட்டை மாட்டிப் பேயாக வருவார். பிள்ளைகள் வறுத்த சோயா விதையை அள்ளி எறிந்து, "ஓனி வா சோத்தோ!" என்று கத்துவார்கள். பேயே, வெளியே போ! பேய் அலறிக்கொண்டு வாசலால் ஓடும். அது திரும்பி வராதபடி உடனே கதவைச் சாத்திவிட வேண்டும்.

அதற்கு முன் சாப்பாடு. சாண் நீளச் சோற்றுச் சுருளை வெட்டாமல் கையில் பிடித்து, அந்த வருடத்து நல்ல திசையைப் பார்த்தபடி, கடைசிக் கடி வரை ஒரு சொல் பேசாமல் தின்ன வேண்டும். வாய் திறந்தால் அதிர்ஷ்டம் போச்சு.

ஹருயோ அம்மாள் இதை நொர்வேஜிய மொழியில் விளக்கியபோது, அவள் கடையில் சமையல் செய்யும் மலர் மனதுக்குள் சிரித்துக்கொண்டாள். வாய் திறக்காமல் இருந்தால் அதிர்ஷ்டம் வரும் என்றால், ஒஸ்லோவிலேயே பெரிய அதிர்ஷ்டக்காரி அவள்தான். ரொம்மனில் கேதீஸ்வரனோடு குடித்தனம் நடத்திய பதினொரு வருடமும் அவள் ஒரு தரம்கூடக் கத்தியதில்லை. பக்கத்து அறையில் பிள்ளை நித்திரை.

எட்டு மாதத்துக்கு முன் மகளைக் கையில் பிடித்துக்கொண்டு நகரின் மறுகோடியில் ஹொல்ம்லியாவுக்கு வந்துவிட்டாள். அவன் கிட்ட வரக்கூடாது என்று பொலிஸ் எழுதிக் கொடுத்த தடைக் கடிதம் அவள் கைப்பைக்குள் இருந்தது. அது ஹருயோ அம்மாளுக்கு மட்டும் தெரியும். மீன் வெட்டும் கபிலனுக்குத் தெரிந்ததெல்லாம் அக்கா புருசனோடு கோவித்துக்கொண்டு வந்துவிட்டா என்பதுதான்.

"இந்த வருசம் நீதானே பேய், முகமூடி எடுத்து வைச்சிட்டியே?" என்று கேட்டாள் மலர்.

"ஓம் ஓம். எல்லாம் ரெடி." கபிலன் ஒரு மாதிரிச் சிரித்தான். "இண்டைக்கு உங்களுக்கும் ஒரு நல்லது உள்ளை வரும், இருந்து பாருங்கோ."

அவள் அதைப் பெரிதாக எடுக்கவில்லை.

ஐந்தரைக்குக் கடை நிறைந்துவிட்டது. ஏழு பிள்ளைகள், பதினொரு பெரியவர்கள். இந்த வருடத்துத் திசை தெற்கிலிருந்து கொஞ்சம் கிழக்கே. கடைக்குள் அது தெருப்பக்கத்துக் கண்ணாடி. எல்லோரும் கண்ணாடியைப் பார்த்து, சமையலறைக்கு முதுகு காட்டி உட்கார்ந்தார்கள். எட்டு வயது மகள் யதுர்ஷா முன்வரிசையில் கன்னம் புடைக்கச் சுருளோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள். மலர் எட்டிப் பார்த்துச் சிரித்துவிட்டு அடுப்புக்குத் திரும்பினாள்.

விதை போதாது என்று இரண்டாம் ஈடு வறுத்துக்கொண்டிருந்தாள். இரும்புச் சட்டி புகைந்தது. பச்சை விதை எறியக்கூடாதாம். மூலையில் கிடந்து தப்பித் தவறி முளைத்தால், விரட்டிய கெட்டது அதோடு சேர்ந்து முளைக்குமாம்.

பின்கதவால் குளிர் அடித்தது. பேய் உள்ளே வந்தது.

"டேய் கபிலன், இன்னும் நேரமிருக்கு. சனம் திண்டு முடியேல்லை."

பேய் நேரே போய்ச் சாப்பாட்டு மண்டபத்துக் கதவின் தாழ்ப்பாளைப் போட்டது. கபிலனுக்குத் தொளதொளவென்று இருந்த புலிக் காற்சட்டை இந்தப் பேய்க்கு முழங்காலுக்கு மேலே நின்றது. தாழ்ப்பாளில் இருந்த இடக்கையில் சுட்டுவிரல் நுனி இல்லை.

அந்த நுனி வடக்கே ஒரு மீன் ஆலையில் போனது. மீதி விரல் எப்படி வலிக்கும் என்பது மலரின் கன்னத்துக்குத் தெரியும்.

"சத்தம் போடாதை," என்றான் கேதீஸ்வரன். "பிள்ளை இருக்கிறா."

பிள்ளை பிறந்த நாளிலிருந்து அடி விழுவதற்கு முன் வந்த அதே சொல்.

"பின்னாலை கார் நிக்குது. வந்து ஏறு. வீட்டை போவம்."

"பொலிஸ் கடுதாசி தந்தது உங்களுக்கு," என்றாள் மெல்ல.

"தந்தது. கை துடைச்சிட்டுப் போட்டிட்டன்."

குத்து வயிற்றில் விழுந்தது. மடிந்தவளின் கூந்தலைச் சுருட்டிப் பிடித்து, தலையை உருக்குக் குளிர்ப்பெட்டியில் மோதினான். ஒரு தரம். இரண்டாம் தரம். மூக்கால் இரத்தம் உதட்டுக்கு இறங்கியது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள். கதவுக்கு அந்தப் பக்கம் பதினெட்டுப் பேர் வாயை மூடிக்கொண்டு மென்றுகொண்டிருந்தார்கள். இந்தப் பக்கமும் சத்தமில்லை.

அவன் சுவரிலிருந்து மீன் வெட்டும் நீளக் கத்தியை உருவினான்.

"நீ வராட்டில் பரவாயில்லை. பிள்ளையைக் கொண்டு போறன். இந்த முகமூடியோடை போய்த் தூக்கினா ஆர் தடுக்கப்போயினம்? கை தட்டுவினம். வாசல் வரைக்கும் வழி விடுவினம்."

அது உண்மை என்று அவளுக்கு உடனே விளங்கியது. பேய் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடும். எல்லோரும் சிரித்துச் சிரித்துப் படம் எடுப்பார்கள். யதுர்ஷா கார் ஏறிவிடுவாள்.

மலர் துணி பிடிக்கவில்லை. வெறுங்கையால் இரும்புச் சட்டியின் பிடியைப் பற்றினாள். உள்ளங்கைத் தோல் பிடியோடு ஒட்டியது. புகைந்த விதை அத்தனையையும் முகமூடியில் விசிறியடித்தாள். கண் துளையாலும் வாய்த் துளையாலும் நெருப்பு உள்ளே போனது. அவன் ஊளையிட்டான். குருட்டுத்தனமாக வீசிய கத்தி அவள் முன்கையை முழங்கை வரை கிழித்தது.

மலர் கத்தினாள்.

பதினொரு வருடத்துக் கத்தல். அலுமாரியில் தட்டுகள் அதிர்ந்தன.

அந்தப் பக்கம் மௌனம் உடைந்தது. உடனே ஒரு பெரிய சிரிப்பு! கைதட்டல்! "பேய் வந்திட்டுது!" என்று பிள்ளைகள் துள்ளினார்கள்.

தாழ்ப்பாளைத் தட்டிவிட்டு மண்டபத்துக்குள் போய் விழுந்தாள் மலர். அவள் முதுகை மிதித்துக்கொண்டு பேய் பின்னால் வந்தது.

"ஓனி வா சோத்தோ!"

விதை ஆலங்கட்டியாகப் பொழிந்தது. பெரியவர்கள் கைபேசியைத் தூக்கினார்கள். தரையில் இழுபட்ட இரத்தத்தைப் பார்த்து, "இந்த வருடம் நன்றாகவே செய்திருக்கிறார்கள்," என்று ஒரு நொர்வேஜியத் தகப்பன் மெச்சினான். உதைபட்ட மூச்சு திரும்பாமல், மலர் வாயைத் திறந்து திறந்து மூடினாள். பேய் வெளியே ஓடவில்லை. வேகாத ஒற்றைக் கண்ணால் தேடி, நேரே முன்வரிசைக்குப் போய் யதுர்ஷாவை இடக்கையால் தூக்கியது.

யதுர்ஷா எறிவதை நிறுத்தினாள். தன் நெஞ்சைச் சுற்றியிருந்த அந்தக் கையைப் பார்த்தாள். நுனியில்லாத விரலைப் பார்த்தாள். பிறகு எல்லோருக்கும் விளங்கும்படி நொர்வேஜிய மொழியில் சொன்னாள்.

"இது விளையாட்டு இல்லை. இது என் அப்பா. அம்மாவைக் கொல்லப் போகிறார்."

சிரிப்பு அறுந்தது. மூலையில் குந்தியிருந்த கபிலனின் முகம் சாம்பலாகியது.

முதலில் பாய்ந்தது ஹருயோ அம்மாள். ஆள் கபிலனின் தோளுக்குத்தான் வருவாள். விதை நிறைந்த மரப்பெட்டியின் கூரிய விளிம்பால் கத்தி பிடித்த மணிக்கட்டில் ஓங்கி அடித்தாள். எலும்பு முறிந்த சத்தம் எல்லோருக்கும் கேட்டது. கத்தி பறந்தது. யதுர்ஷா நெஞ்சைச் சுற்றிய கையைக் கவ்விக் கடித்துத் துள்ளி இறங்கினாள். "நாயே!" என்று கபிலன் மேசை மேலால் வந்து இடுப்பில் முட்டினான். கேதீஸ்வரன் கால் வைத்த இடமெல்லாம் விதை. இரண்டு காலும் வழுக்க, பிடரி தரையில் அடிபட மல்லாந்தான். முகமூடியின் ஒரு கொம்பு ஒடிந்தது.

எழும்ப விடாமல் மலர் அவன் நெஞ்சில் முழங்காலை ஊன்றினாள். கத்தி அவள் கைக்கு எட்டியிருந்தது. நுனியைத் தொண்டைக் குழியில் வைத்தாள். மெல்லியதாக ஒரு சிவப்புக் கோடு ஓடியது.

முகமூடி பாதி கழன்று, வெந்து வீங்கிய கண் தெரிந்தது. அவன் கிசுகிசுத்தான்.

"மலர்... வேண்டாம். பிள்ளை பாக்கிறா."

"பாக்கட்டும்!" என்றாள் மலர், மண்டபமே கேட்க. "இவ்வளவு நாளும் பாக்காமல் இருந்ததுதான் பிழை!"

"நான் எல்லா நாளும் கேட்டனான் அம்மா," என்றாள் யதுர்ஷா பின்னாலிருந்து. "நீங்கள் கத்தேல்லை. ஆனா சுவரிலை முட்டுறது கேக்கும். நான் நித்திரை மாதிரிக் கிடந்தனான்."

கத்தி ஒரு நூல் ஆழமாக இறங்கியது. அவன் கண் பிதுங்கியது. இன்னும் ஒரு அழுத்து அழுத்தினால் போதும். அவள் மகளைத் திரும்பிப் பார்த்தாள். எட்டு வயதுப் பிள்ளை கை நிறைய விதையோடு, கண் சிமிட்டாமல், தாய் அடுத்து என்ன செய்யப்போகிறாள் என்று பார்த்துக்கொண்டு நின்றது.

மலர் அழுத்தவில்லை. எடுக்கவுமில்லை. பொலிஸ் வரும்வரை அப்படியே வைத்திருந்தாள்.

அவனை விலங்கிட்டுத் தூக்கி நிறுத்தினார்கள். அம்புலன்ஸ்காரி மலரின் கையைக் கட்டிக்கொண்டிருந்தபோது கபிலன் வந்து முன்னால் முழந்தாளிட்டான்.

"அக்கா, என்னைச் செருப்பாலை அடியுங்கோ. நான்தான் முகமூடியைக் குடுத்தனான். இண்டைக்கு உங்கட கலியாண நாளாம், அவவுக்குச் சப்றைஸ் குடுக்கப்போறன் எண்டு அழுதுகொண்டு கேட்டவர். புருசன் பெண்சாதி பிணக்குத்தானே, சேத்து வைச்சாப் புண்ணியம் எண்டு..."

"எங்கட கலியாணம் ஆவணியிலையடா," என்றாள் மலர். கட்டுப் போடாத கையால் அவன் கன்னத்தில் பளாரென்று ஒன்று விட்டாள். "புண்ணியமாம் புண்ணியம். போ, போய்ப் பொலிசுக்கு இதைச் சொல்லு. ஒரு சொல் விடாமல் சொல்லு."

"ஓம் அக்கா," என்றான் கன்னத்தைப் பிடித்தபடி.

வாசலைத் தாண்டும்போது கேதீஸ்வரனின் தலையில் மத்தித் தலை இடித்தது. அவன் திரும்பினான். "யதுர்ஷா, அப்பா திரும்பி வருவன், என்ன?" என்றான்.

யதுர்ஷா ஓடிப்போய்க் கையிலிருந்த விதை முழுவதையும் அவன் முகத்தில் எறிந்தாள். சடங்குக் கூவலைக்கூடச் சொல்லவில்லை. உடல் முழுப் பாரத்தையும் கொடுத்துக் கதவைச் சாத்தினாள். சாவியைத் திருப்பினாள். பிறகு, பூட்டியிருக்கிறதா என்று பிடியை இழுத்துப் பார்த்தாள்.

"பூட்டிட்டன் அம்மா," என்றாள்.

"கேக்கேல்லை," என்றாள் மலர். "சத்தமாய்ச் சொல்லு."