கழுவ முடியாத பலகை

காய்ச்சலில் இறந்துபோன சிறுமியின் பலகை, அடக்கம் முடிந்த மறுநாள் உச்சிவேளையில் மதரஸாவில் தானாகப் பாடம் ஓதத் தொடங்கியது. குரல் அவளுடையதுதான். கடைசி வசனம்வரை வந்து, அவள் எப்போதும் திணறுகிற இடத்தில் திணறி நின்றது. மற்றப் பிள்ளைகள் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுத் தங்கள் பாடத்துக்குத் திரும்பினார்கள். அவர்களுக்கும் ஒப்பிக்க வேண்டியது இருந்தது.

அங்கே வழக்கம் ஒன்றுதான். மரப்பலகையில் மையால் பாடத்தை எழுதிக்கொள்ள வேண்டும். பிழையில்லாமல் ஒப்பித்தால் பலகையைக் கழுவி, அந்தத் தண்ணீரைக் கால்படாத இடத்தில் ஊற்றிவிட்டு வீட்டுக்கு ஓடலாம். நெஞ்சில் ஏறியது மரத்தில் இருக்கத் தேவையில்லை என்று ஓதிக்கொடுக்கும் உஸ்தாதுக்கு அவருடைய உஸ்தாத் சொல்லியிருந்தார், அவருக்கு அவருடையவர். ஒரு வாயிலிருந்து ஒரு காதுக்கு என்று காலங்காலமாக வந்தது அது. ஒப்பிக்காத பிள்ளை வீட்டுக்குப் போக முடியாது. உஸ்தாத் அவள் பலகையைக் கழுவிப் பார்த்தார், மை அசையவில்லை. வாசலில் கிடந்த அவளுடைய செருப்பையும் யாராலும் நகர்த்த முடியவில்லை.

"ஒப்பிக்காம எப்படிப் போவா?" என்றார் உஸ்தாத், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

தாய் தையல்கடையில் சட்டைப் பொத்தான்களுக்குக் காஜா எடுப்பவள். எழுத்து வாசனையே இல்லாதவள். "அவளுக்குப் பதிலா நான் ஒப்பிக்கலாமா?" என்று கேட்டுக்கொண்டு வந்து, பொடிசுகளுக்கு நடுவே சம்மணம் போட்டு உட்கார்ந்தாள். கெட்டிக்காரி. மழைக்காலம் முடிவதற்குள் பாடம் அவளுக்குத் தண்ணீர்பட்ட பாடாகிவிட்டது. ஆனால் ஒப்பிக்கும்போது கடைசிச் சொல்லில் மட்டும் தவறுவாள். தப்பு என்பார் உஸ்தாத். நாளைக்கு வர்றேன் என்பாள். ஒப்பித்துவிட்டால் மகள் போய்விடுவாளே. மறுநாள் உச்சிவேளையில் பலகையை மடியில் வைத்துக்கொண்டு அந்தக் குரலைக் கேட்டிருப்பாள். வேண்டுமென்றேதான் தவறுகிறாள் என்பது ஊருக்கே தெரியும். ஒரு வாண்டு அந்தச் சொல்லை எடுத்துக்கொடுக்கப் பார்த்து, உஸ்தாத் முறைத்த முறைப்பில் தன் பாடத்தையே மறந்துபோனான். வருடங்கள் ஓடின. மகளோடு ஓதியவர்களுக்குக் கல்யாணமாகிக் குழந்தைகளும் பிறந்தன. பலகையின் குரலுக்கு மட்டும் வயது ஏறவில்லை.

ஒருநாள் குரல் வழக்கமான இடத்தில் வந்து நின்றது. பிறகு, தூக்கம் வந்த பிள்ளையைப் போலச் சொன்னது: "உம்மா, எல்லாரும் வீட்டுக்குப் போயிட்டாங்க. நீயாவது சொல்லேன்."

தாய் அழுது முடித்துவிட்டு, முதலிலிருந்து ஒப்பித்தாள். கடைசிச் சொல் அப்பழுக்கில்லாமல் வந்தது. உஸ்தாத் சரியென்று தலையை அசைத்தார். பலகையை அவளே கழுவினாள். மகளின் கோணல் எழுத்து முழுவதும் தண்ணீரோடு இறங்கியது. அப்போது அறைக்குள்ளிருந்து தடதடவென்று சின்னக் கால்கள் வாசலைத் தாண்டி ஓடின. நிற்கவில்லை. மதரஸா விட்டு ஓடுகிற பிள்ளை எது நின்றிருக்கிறது? செருப்பு கிடந்த இடம் காலியாக இருந்தது.

"மெதுவாப் போடி, விழுந்துடாதே" என்றாள் தெருவைப் பார்த்து.

மறுநாள் உச்சிவேளையில் பலகை பேசவில்லை. அவள் வந்து, அதே இடத்தில் உட்கார்ந்து, அதை நீட்டினாள். உஸ்தாத் அடுத்த பாடத்தை எழுதிக் கொடுத்தார்.